இடுப்பு மூட்டு நழுவினால் என்ன கோடு? மருத்துவக் கோடிங் புதிதாகக் கற்பவர்களுக்கு

போன ஆவணியில் என் அண்ணன் நாகர்கோவிலில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டுக் காரில் திரும்பிக்கொண்டிருந்தார். நாங்குநேரியைத் தாண்டி நாலுவழிச் சாலையில் வரும்போது முன்னால் போன லாரி சட்டென்று பிரேக் போட, கார் அதன் பின்னால் போய் மோதிவிட்டது. அண்ணன் முன்சீட்டில், டிரைவருக்குப் பக்கத்தில். பெல்ட் போடவில்லை. உட்கார்ந்த வாக்கிலேயே முன்னால் வழுக்கிப் போய் இடது முழங்கால் டாஷ்போர்டில் இடித்தது. முழங்காலில் ஒரு சிராய்ப்பு, பார்த்தால் அவ்வளவுதான். ஆனால் கீழே இறக்கி நிறுத்த முடியவில்லை. இடது கால் வலது காலைவிடக் குட்டையாகி, முழங்கால் மடங்கி, பாதம் உள்பக்கமாகத் திரும்பிக் கிடந்தது. கூடி நின்றவர்களில் ஒருவர் "சுளுக்குதான், பிடிச்சு இழுத்தா சரியாயிரும்" என்றாராம். நல்லவேளை, யாரும் இழுக்கவில்லை.

அன்று ராத்திரியே பாளையங்கோட்டையில் ஓர் ஆஸ்பத்திரியில் மயக்கம் கொடுத்து மூட்டை ஏற்றிவிட்டார்கள். பத்து நாள் கழித்து மதினி ஒரு ஃபைலைத் தூக்கிக்கொண்டு வந்தார். இன்சூரன்ஸ் பணம் வராமல் நின்றிருந்தது. "தம்பி, இதுல என்னமோ நம்பர் போட்டுருக்காவ, எஸ் எழுவத்திமூணு புள்ளி சைபராம். ஒங்க வேலைதான இது, என்னன்னு கொஞ்சம் பாருங்க."

என் வேலை அதுதான். பாளையங்கோட்டையில் வீட்டு மாடியில் உட்கார்ந்து அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் சார்ட்டுகளை, அதாவது நோயாளிகளின் சிகிச்சைப் பதிவுகளைப் படித்து, டாக்டர் எழுதிய நோய்க்குரிய கோடைப் (வரைகிற கோடு இல்லை, எழுத்தும் எண்ணும் சேர்ந்த குறியீடு) போட்டு அனுப்புகிறேன். எங்கள் தெருவிலேயே நர்சிங் முடித்தவர்கள், பிசியோதெரபி முடித்தவர்கள், பி.எஸ்சி. விலங்கியல் முடித்துவிட்டுச் சென்னைக்குப் போகலாமா வேண்டாமா என்று யோசிக்கிறவர்கள் என்று பலர் இந்த வேலையைப் பற்றி விசாரிக்கிறார்கள். அவர்களுக்கு எங்கே ஆரம்பித்துச் சொல்வது என்று யோசிக்கும்போதெல்லாம் எனக்கு அண்ணனின் இடுப்புதான் ஞாபகத்துக்கு வருகிறது. ஒரே ஒரு மூட்டு, ஒரே ஒரு காயம், ஆனால் கோடிங்கில் தெரிந்துகொள்ள வேண்டிய முக்கால்வாசி விஷயம் அதற்குள் இருக்கிறது. அதனால் அந்த இடுப்பை வைத்தே சொல்கிறேன்.

முதலில், நோய்க்கு எதற்குக் கோடு? ஒரே காயத்தை ஒரு டாக்டர் 'இடுப்பு இறங்கிவிட்டது' என்பார், இன்னொருவர் 'ஹிப் டிஸ்லொகேஷன்' என்பார், மூன்றாமவர் நாலு வரியில் விவரமாக எழுதுவார். இதையெல்லாம் எண்ணிக் கணக்கெடுக்கவும், பணம் கொடுக்கிறவர் பார்த்துப் புரிந்துகொள்ளவும், பத்து வருடம் கழித்து இன்னொரு டாக்டர் தேடி எடுக்கவும், எல்லாருக்கும் பொதுவாக ஓர் அடையாளம் வேண்டும். இது பழைய ஏற்பாடு. 1893இல் ழாக் பெர்த்தியோன் என்ற பிரெஞ்சுப் புள்ளியியலாளர் சாவுக்கான காரணங்களை வரிசைப்படுத்திக் கொடுத்த பட்டியல்தான் வளர்ந்து வளர்ந்து, பிறகு உலக சுகாதார அமைப்பின் கைக்கு வந்து, இன்றைக்கு ஐசிடி என்று நாம் சொல்கிற நோய்ப் பட்டியல் நூலாக நிற்கிறது. பத்தாம் பதிப்புக்கு 1990இல் ஒப்புதல் கிடைத்தது. பதினொன்றாம் பதிப்பு 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்துவிட்டது என்றாலும், நம்மூர் கிளைம் படிவத்திலும் சரி, நான் பார்க்கிற அமெரிக்கச் சார்ட்டிலும் சரி, இப்போதும் பத்துதான் ஓடுகிறது. அமெரிக்காக்காரர்கள் அந்தப் பத்தாம் பதிப்பை எடுத்துத் தங்களுக்கு ஏற்றபடி விரித்து எழுதி, 2015 அக்டோபர் 1 முதல் ஐசிடி-10-சிஎம் என்ற பெயரில் பயன்படுத்துகிறார்கள். கோடிங் வேலை என்று நம் பிள்ளைகள் போவது பெரும்பாலும் இதற்குத்தான். கீழே நான் சொல்கிற நீளமான கோடுகள் எல்லாம் இந்தச் சிஎம் கணக்கு.

கோடுகளைத் தமிழ் எழுத்திலேயே எழுதுகிறேன். ஒரே ஒரு சிக்கல்: ஆங்கில வரிசையில் 4ஆம் எழுத்தும் 20ஆம் எழுத்தும் தமிழில் ஒன்றுபோலவே விழும். 4ஆம் எழுத்தை 'டி' என்றும் 20ஆம் எழுத்தை 'டீ' என்றும் குறில் நெடில் பார்த்து எழுதியிருக்கிறேன், கவனமாகப் படியுங்கள்.

சரி, மூட்டுக்கு வருவோம். மூட்டு தெரியாமல் கோடைத் தொட்டால் மனப்பாடம்தான் மிஞ்சும், அது ஒரு மாதத்தில் போய்விடும். பாட்டி வீட்டு ஆட்டுரலை நினைத்துக்கொள்ளுங்கள். உரலின் குழி, அதற்குள் உட்கார்ந்து சுற்றுகிற குழவி. இடுப்பெலும்பில் பக்கத்துக்கு ஒரு குழி இருக்கிறது, அதன் பெயர் அசிட்டாபுலம். தொடை எலும்பின் மேல்முனை உருண்டையாக இருந்து அந்தக் குழிக்குள் உட்கார்கிறது. தோள் மூட்டில் குழி ஆழமில்லை, அதனால் அது சுலபமாக நழுவும். இடுப்பில் குழி ஆழம், சுற்றிலும் தசைநார்கள் பலம், ஆகவே அதை நழுவ வைக்கப் பெரிய வேகம் வேண்டும். கார் மோதுகிற வேகம், பைக்கிலிருந்து தூக்கி எறியப்படுகிற வேகம், பனையிலிருந்து விழுகிற வேகம். இடுப்பு நழுவியிருக்கிறது என்றால் அங்கே நடந்தது சின்ன விஷயமில்லை. சார்ட்டைத் திறக்கிற கோடர் இதை மனதில் வைத்துக்கொண்டுதான் மற்ற பக்கங்களையும் புரட்ட வேண்டும், கூடவே வேறு காயமும் இருக்கும்.

குழவி குழியை விட்டு எந்தப் பக்கம் வெளியே போனது என்பதுதான் அடுத்த கேள்வி. 10இல் 9 பேருக்குப் பின்பக்கமாகப் போகும். முழங்கால் மடங்கி உட்கார்ந்திருக்கும்போது முன்னாலிருந்து இடி விழுந்தால், அந்த வேகம் தொடை எலும்பு வழியாக நேரே போய் உருண்டையைப் பின்னால் தள்ளிவிடுகிறது. அண்ணனுக்கு நடந்தது அதுதான். கால் குட்டையாகி உள்பக்கம் திரும்பிக் கிடந்ததும் அதனால்தான். முன்பக்கமாக நழுவினால் நேர் எதிர், கால் அகன்று வெளிப்பக்கம் திரும்பியிருக்கும். அப்படி முன்னால் போகிறதில் ஒரு வகையாக, கீழே இருக்கிற ஆப்டுரேட்டர் என்ற எலும்புத் துளையின் பக்கம் போய் உட்காருவதும் உண்டு. இன்னொன்று, குழவி குழியையே உடைத்துக்கொண்டு உள்ளே இறங்குவது. அது சென்ட்ரல்.

இப்போது கோடைக் கட்டுவோம். இடுப்புக்கும் தொடைக்கும் வருகிற காயங்கள் எல்லாம் எஸ்70 முதல் எஸ்79 வரை. அதில் மூட்டும் தசைநாரும் எஸ்73. புள்ளிக்குப் பிறகு 0 வந்தால் நழுவல், 1 வந்தால் சுளுக்கு. ஆக எஸ்73.0 என்றால் 'இடுப்பு மூட்டு நழுவல்', மதினி கொண்டுவந்த படிவத்தில் இருந்தது இதுதான். உலக சுகாதார அமைப்பின் நூலில் கோடு இங்கேயே முடிந்துவிடும், எந்தப் பக்கம் என்று சொல்லாது. சிஎம்மில் இன்னும் மூன்று இடம் மிச்சம் இருக்கிறது.

ஐந்தாவது இடம் திசையைச் சொல்லும். 1 பின்பக்கம், 2 ஆப்டுரேட்டர், 3 மற்ற முன்பக்க நழுவல்கள், 4 சென்ட்ரல், 0 என்றால் திசை எழுதப்படவில்லை. ஆறாவது இடம் ஒரே எண்ணில் இரண்டு சேதி சொல்லும், புதிதாக வருகிறவர்கள் தடுமாறுவது இங்கேதான். 1, 2, 3 மூன்றும் பாதி நழுவல், அதாவது சப்ளக்ஸேஷன், உருண்டை குழியின் ஓரத்தை இன்னும் தொட்டுக்கொண்டிருக்கிறது. 4, 5, 6 மூன்றும் முழு நழுவல். இரண்டு கூட்டத்திலும் வரிசை ஒன்றுதான்: வலது, இடது, எந்தப் பக்கம் என்று தெரியாதது. அப்படியானால் 1 வலது பாதி, 4 வலது முழு, 2 இடது பாதி, 5 இடது முழு. அண்ணனுக்கு இடது, முழுசாக, பின்பக்கம். எஸ்73.015 வரை வந்துவிட்டோம். இரண்டு இடுப்பும் நழுவியிருந்தால் 'இரண்டு பக்கமும்' என்று தனிக் கோடு இந்தக் குடும்பத்தில் கிடையாது, வலதுக்கு ஒன்று இடதுக்கு ஒன்று என்று இரண்டாகப் போட வேண்டும்.

2015க்கு முன் இருந்த ஒன்பதாம் பதிப்பில் இதே காயத்துக்கு 835.01 என்று ஒரு கோடு இருந்தது. பின்பக்க நழுவல் என்று மட்டும் சொல்லும். எந்தக் கால் என்று சொல்ல அதில் இடமே இல்லை! ஒரு மனிதருக்கு இடது இடுப்பு மார்ச்சில், வலது இடுப்பு மேயில் நழுவியிருந்தாலும் கோடு ஒன்றுதான், பணம் கொடுக்கிறவர் 'ஒரே பில்லை ரெண்டு தடவை அனுப்புறீங்களா' என்று கேட்பார். அந்தக் காலத்தின் கடைசியில் வேலைக்குச் சேர்ந்தவன் நான். புதிய நூல் வந்தபோது கோடு நீண்டுவிட்டது என்று எல்லாரும் அலுத்துக்கொண்டார்கள். எனக்கு அந்த நீளம் பிடித்திருந்தது, இப்போதும் பிடித்திருக்கிறது. ஒரு மனிதனுக்கு இரண்டு கால் உண்டு என்பதைக் கோடு ஒருவழியாக ஒப்புக்கொண்டது என்றுதான் அதைப் பார்க்கிறேன்.

இனி ஏழாவது இடம். இதற்கு மட்டும் கொஞ்சம் நேரம் எடுத்துக்கொள்ளுங்கள், பரீட்சையிலும் வேலையிலும் அதிகம் தப்பு விழுவது இங்கேதான். ஏ, டி, எஸ் என்று மூன்று எழுத்து. ஏ என்பதை நூலில் 'முதல் சந்திப்பு' என்று எழுதியிருப்பார்கள், டி 'அடுத்த சந்திப்பு', எஸ் 'பின்விளைவு'. அந்தப் பெயர்களைப் பார்த்ததும் ஏ என்றால் முதல் நாள், டி என்றால் இரண்டாவது தடவை வருவது என்று மனம் தானாக முடிவுகட்டிவிடும். அப்படி இல்லை. காயத்துக்கு நேரடியாகச் சிகிச்சை நடக்கிறவரை, எத்தனை தடவை பார்த்தாலும், எத்தனை டாக்டர் பார்த்தாலும், எத்தனை ஆஸ்பத்திரி மாறினாலும் ஏ. அந்தச் சிகிச்சை முடிந்து, ஆறுகிற கட்டத்தில் வழக்கமாக வந்து காட்டிவிட்டுப் போவது டி.

புதிய நூல் வந்த கொஞ்ச நாளிலேயே நான் இதில் தப்புப் பண்ணினேன். ஒரு சின்ன ஊர் ஆஸ்பத்திரியின் எமர்ஜென்சியில் ஒருவரைச் சேர்க்கிறார்கள், வலது இடுப்பு பின்பக்கமாக நழுவியிருக்கிறது, இரண்டு தடவை ஏற்றிப் பார்த்தும் ஏறவில்லை, பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பிவிடுகிறார்கள். என் கைக்கு வந்தது அந்தப் பெரிய ஆஸ்பத்திரியின் சார்ட். இது இரண்டாவது இடம்தானே என்று டி போட்டு அனுப்பினேன். போட்ட கோடுகளைச் சரிபார்க்கிற ஆடிட்டில் அது திரும்பி வந்தது. மூட்டை ஏற்றியதே இரண்டாவது ஆஸ்பத்திரியில்தான், சிகிச்சை நடந்ததே அங்கேதான், அங்கே போய் 'ஆறுகிற கட்டம்' என்று எழுதினால் அந்த மனிதர் வலியில் துடித்துக்கொண்டிருந்ததை இல்லை என்று எழுதுகிற மாதிரி. அன்றிலிருந்து தேதியைப் பார்த்து ஏழாவது எழுத்தைப் போடுவதில்லை. 'இன்றைக்கு இவருக்கு என்ன செய்தார்கள்' என்று கேட்டுவிட்டுத்தான் போடுகிறேன். நீங்களும் அதையே கேளுங்கள்.

ஆக அண்ணனுக்கு அந்த ராத்திரிக்கு எஸ்73.015ஏ. மூன்று வாரம் கழித்து ஊன்றுகோலோடு போய்க் காட்டினாரே, அதற்கு எஸ்73.015டி.

எஸ் எப்போது வரும்? தொடை எலும்பின் உருண்டைக்கு ரத்தம் கொண்டுபோகிற குழாய்கள் மிக மெல்லியவை, மூட்டை ஒட்டியே ஓடுகின்றன. மூட்டு நழுவி நிற்கிற ஒவ்வொரு மணி நேரமும் அந்த ரத்த ஓட்டம் தடைப்படுகிறது. அதனால்தான் 6 மணி நேரத்துக்குள் ஏற்றிவிட வேண்டும் என்று டாக்டர்கள் பறக்கிறார்கள். (நம் பக்கத்தில் எலும்பு என்றால் முதலில் கட்டுப்போடுகிற வைத்தியரிடம் போகிற பழக்கம் இன்னும் இருக்கிறது. மற்றதற்கு எப்படியோ, இடுப்பு நழுவலுக்குத் தயவுசெய்து அந்த வழி வேண்டாம். எக்ஸ்ரே இருக்கிற, மயக்கம் கொடுக்க ஆள் இருக்கிற ஆஸ்பத்திரிக்கு நேரே போங்கள்.) தாமதமானால், சில சமயம் தாமதமாகாவிட்டாலும், மாதங்கள் கழித்து அந்த உருண்டை ரத்தமில்லாமல் செத்துப்போகலாம், அல்லது வருடங்கள் கழித்து அந்த மூட்டு தேய்ந்துபோகலாம். அப்படி ஒருவர் இடது இடுப்புத் தேய்மானத்தோடு வந்து, டாக்டரும் 'பழைய நழுவலால் வந்தது' என்று எழுதியிருந்தால், முதலில் இப்போதைய பிரச்சினை, எம்16.52. அதன் பின்னால் அதற்குக் காரணமான பழைய காயம், எஸ்73.015எஸ். கோடின் தலையில் இருக்கிற எஸ்ஸும் வாலில் இருக்கிற எஸ்ஸும் வேறு வேறு என்பதைச் சொல்லத் தேவையில்லை என்று நினைக்கிறேன், இருந்தாலும் சொல்லிவிட்டேன்.

எஸ்73.0 குடும்பத்துக்குள் போகவே கூடாத நழுவல்களும் உண்டு. சார்ட்டில் 'இடுப்பு டிஸ்லொகேஷன்' என்ற வார்த்தையைப் பார்த்ததும் கை தானாக எஸ்73க்குப் போகும், அந்தக் கையைப் பிடித்து நிறுத்திவிட்டு, நழுவியது யாருடைய மூட்டு என்று கேளுங்கள். எழுபது வயது ஆச்சிக்கு நாலு வருடம் முன்பு செயற்கை இடுப்பு மூட்டு வைத்திருக்கிறார்கள், தாழ்வான முக்காலியில் உட்கார்ந்து எழுந்திருக்கும்போது அது நழுவிவிட்டது. நழுவியது பிறவி எலும்பு அல்ல, உள்ளே வைத்த உலோகம். அது டீ84.020 வலது, டீ84.021 இடது, பின்னால் ஏழாவது எழுத்து. சிகிச்சைக்கான கோடும் இங்கே மாறிவிடும். நோய்க்கான கோடு வேறு, செய்த வேலைக்கான கோடு வேறு, இரண்டாவதற்குச் சிபிடி என்று தனி நூல் இருக்கிறது. சொந்த மூட்டை வெட்டாமல் ஏற்றினால் மயக்கம் இல்லாமல் 27250, மயக்கத்தோடு 27252. செயற்கை மூட்டு என்றால் அதே வேலைக்கு 27265, 27266.

கைக்குழந்தைக்குப் பிறவியிலேயே மூட்டு விலகியிருந்தால் அது காயமே அல்ல, க்யூ65. வலது க்யூ65.01, இடது க்யூ65.02, இரண்டும் என்றால் க்யூ65.1. இந்தக் குடும்பத்தில் இரண்டு பக்கத்துக்கும் ஒரே கோடு இருக்கிறது பாருங்கள், எஸ்73இல் இல்லாதது. ஏழாவது எழுத்தும் இங்கே கிடையாது. நம் அம்மாமார் பிள்ளையைக் கால் அகட்டி ஒக்கலில் வைத்துக்கொள்கிறார்களே, அது குழந்தையின் இடுப்பு மூட்டுக்கு மிகவும் நல்ல நிலை. காலை நீட்டி இறுக்கித் துணி சுற்றுவதுதான் கெடுதல். இது கோடிங் இல்லைதான், ஆனாலும் ஒருவருக்காவது பயன்படும் என்று எழுதினேன்.

திரும்பத் திரும்ப நழுவுகிற மூட்டு எம்24.45 பக்கம் போகும், வலது எம்24.451, இடது எம்24.452. மூட்டில் இருக்கிற வேறு நோயால் தானாக நழுவினால் எம்24.35. ஆனால் ஏற்கெனவே நழுவிய இடுப்பே நேற்று ஒரு விபத்தில் புதிதாக அடிபட்டு நழுவியிருந்தால், நேற்றைய காயம் எஸ்73தான்.

எலும்பும் உடைந்திருந்தால்? இங்கே நூலின் அகரவரிசைப் பட்டியல் தெளிவாக ஒரு வழி காட்டுகிறது. 'நழுவல்' என்ற சொல்லுக்குக் கீழேயே, முறிவோடு சேர்ந்தது என்றால் முறிவைப் பார் என்று போட்டிருப்பார்கள். பின்பக்கமாக நழுவும்போது குழியின் பின்சுவர் உடைவது அடிக்கடி நடக்கிற விஷயம். அப்போது எஸ்32.42 பக்கம் போக வேண்டும், இடது, எலும்புத் துண்டு இடம் மாறியது என்றால் எஸ்32.422. முறிவுக்கு ஏழாவது எழுத்துகளும் அதிகம், மூடிய முறிவா திறந்த முறிவா, ஆறுகிறதா தாமதமாகிறதா, சேரவே இல்லையா என்று ஒவ்வொன்றுக்கும் தனி எழுத்து. ஆகவே மூட்டை ஏற்றிய பிறகு எடுத்த சிடி ஸ்கேன் அறிக்கையைப் பார்க்காமல் எஸ்73ஐப் போட்டு சார்ட்டை மூடிவிடாதீர்கள். அறிக்கையில் முறிவு தெரிந்து, டாக்டர் குறிப்பில் அது இல்லை என்றால் நாமாக முடிவெடுக்கக் கூடாது, அவரிடம் கேட்க வேண்டும்.

இன்னொன்று நரம்பு. சியாட்டிக் நரம்பு அந்த மூட்டுக்குப் பின்னாலேயே ஓடுகிறது, பின்பக்கம் நழுவுகிற உருண்டை அதைப் போய் அழுத்தும். 'பாதத்தை மேலே தூக்க முடியவில்லை' என்ற வரி நர்ஸ் குறிப்பில் எங்கேயாவது ஒளிந்திருக்கும். டாக்டர் அதை நரம்புக் காயம் என்று உறுதிசெய்து எழுதியிருந்தால் இடது காலுக்கு எஸ்74.02எக்ஸ்ஏ. நடுவில் அந்த எக்ஸ் எதற்கு என்றால், ஏழாவது எழுத்து ஏழாவது இடத்தில்தான் உட்கார வேண்டும், இந்தக் கோடில் ஐந்து இடத்துக்குத்தான் சேதி இருக்கிறது, ஆறாவது நாற்காலி காலி. பஸ்ஸில் துண்டு போட்டு இடம் பிடிப்போமே, அதுதான் எக்ஸ்.

அந்த எக்ஸ் வரிசையாக வருவதைப் பார்க்க வேண்டுமென்றால் காயம் எப்படி வந்தது என்று சொல்கிற கோடுகளைப் பார்க்க வேண்டும். மரத்திலிருந்து விழுவது டபிள்யூ14. மூன்று இடத்திலேயே சேதி முடிந்துவிட்டது, மூன்று துண்டு போட்டு ஏழாவது எழுத்தைப் பிடிக்கிறோம்: டபிள்யூ14.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ. பனையோ தென்னையோ மாமரமோ, எல்லாம் ஒரே மரம்தான் அதற்கு. பைக்கில் போனவர்களுக்கு வி20 முதல் வி29 வரை, அண்ணனைப் போலக் காரில் இருந்து லாரியில் மோதியவர்களுக்கு வி44. இந்தக் கோடுகள் ஒருபோதும் முதலாவதாக வரக் கூடாது. காயம் முன்னால், காரணம் பின்னால்.

மதினியின் ஃபைலுக்கு வருகிறேன். படிவத்தில் எஸ்73.0 சரியாகத்தான் இருந்தது. டிஸ்சார்ஜ் சம்மரியை வரி வரியாகப் படித்தேன். முதல் பக்கத்தில் 'இடது இடுப்பு மூட்டு பின்பக்க நழுவல்'. இரண்டாம் பக்கம், மூட்டை ஏற்றியதைப் பற்றிய குறிப்பில் 'வலது இடுப்பு'. யாரோ பழைய சம்மரியை நகலெடுத்துப் பெயரையும் தேதியையும் மாற்றியவர், அந்த ஒரு வார்த்தையை மாற்ற மறந்திருக்கிறார். இன்சூரன்ஸ் தரப்பில் கேட்டிருந்த கேள்வியும் இதுதான், ஆனால் அது ஆங்கிலத்தில், சுற்றி வளைத்து எழுதியிருந்ததால் வீட்டில் யாருக்கும் புரியவில்லை. நம் ஊரில் போடுகிற நாலு எழுத்துக் கோடில் பக்கம் கிடையாது என்று முன்னால் சொன்னேன் அல்லவா, அப்படியிருக்க எந்தக் கால் என்பதை அந்தச் சம்மரியின் வார்த்தைகள்தான் தாங்கி நிற்கின்றன. அந்த வார்த்தையே இரண்டு பேச்சுப் பேசினால் கோடு காப்பாற்றாது. மதினி ஆஸ்பத்திரிக்குப் போய் உட்கார்ந்து, டாக்டர் அந்த வார்த்தையை அடித்து மேலே 'இடது' என்று எழுதிக் கையெழுத்தும் சீலும் போட்டுக் கொடுத்த பிறகு பணம் வந்தது. மூன்று வாரம் அலைச்சல். வீட்டில் யாராவது டிஸ்சார்ஜ் ஆனால் வாசலை விட்டு வெளியே வருவதற்கு முன் சம்மரியில் பக்கம், பெயர், தேதி மூன்றையும் எல்லாப் பக்கத்திலும் படித்துப் பாருங்கள். தப்பு இருந்தால் அங்கேயே சொல்லுங்கள், அப்போது திருத்துவது ஐந்து நிமிட வேலை.

கோடு கற்கிறவர்கள் இதிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது இன்னும் ஒன்று இருக்கிறது. டாக்டர் எழுதாததை நாம் எழுத முடியாது. எக்ஸ்ரே படத்தைப் பார்த்து 'பின்பக்கம்தான் போயிருக்கும், 10இல் 9 அப்படித்தானே' என்று நினைப்பது அறிவு, ஆனால் அதை வைத்து 1ஐப் போடுவது தப்பு. திசை எழுதப்படவில்லை என்றால் 0தான். கேட்க வழி இருந்தால் கேட்க வேண்டும், அந்தக் கேள்வியிலும் பதிலை ஊட்டிவிடக் கூடாது. 'பின்பக்க நழுவல்தானே டாக்டர்?' என்று கேட்டால் அவசரத்தில் ஆமாம் என்று சொல்லிவிடுவார். 'எந்தத் திசையில் நழுவியது என்று குறிப்பிட முடியுமா?' என்று கேட்டுவிட்டுக் காத்திருக்க வேண்டும்.

கடைசியாக ஒரு பயிற்சி, வகுப்பில் நான் கொடுப்பது. கற்பனைச் சார்ட்தான். திசையன்விளைப் பக்கம் பனையேறுகிற ஒருவர், பதநீர் இறக்கும்போது பிடி நழுவி விழுந்துவிடுகிறார். டாக்டர் எழுதியது: 'மரத்திலிருந்து விழுந்தார். இடுப்பு மூட்டு பின்பக்கமாக முழுசாக நழுவியிருக்கிறது. மயக்கத்தில் மூட்டு ஏற்றப்பட்டது. சிடியில் முறிவு இல்லை. நரம்பு நன்றாக இருக்கிறது.' முதல் தடவை கொடுக்கும்போது முக்கால்வாசிப் பேர் எஸ்73.014ஏ என்று எழுதிவிட்டுக் கூடவே டபிள்யூ14.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏவையும் போட்டுப் பேனாவைக் கீழே வைத்துவிடுவார்கள். இரண்டாவது கோடு சரி. முதலாவதில் 4ஐ எங்கிருந்து எடுத்தீர்கள் என்று கேட்டால் சார்ட்டைத் திரும்பப் படிப்பார்கள், ஐந்து வரியையும் இரண்டு தடவை படித்துவிட்டு நிமிர்ந்து பார்ப்பார்கள். வலது என்று எங்கேயும் இல்லை. இருக்கிறதை வைத்துப் போட்டால் எஸ்73.016ஏ. ஆனால் மற்ற எல்லாவற்றையும் இவ்வளவு விவரமாக எழுதிய டாக்டருக்கு எந்தக் கால் என்று தெரியாமல் இருக்காது. நான் என்றால் அந்த 6ஐப் போடுவதற்கு முன் அவருக்கு ஒரு கேள்வி அனுப்பிவிட்டு, பதில் வருகிறவரை அந்தச் சார்ட்டைத் திறந்தே வைத்திருப்பேன்.